பூவாளிக் குளியலும் நனையாத காலும்

புது ரப்பர் வாசனை எனக்கு இன்றைக்கும் ஆகாது. செருப்புக் கடைப் பக்கமோ, சைக்கிள் டியூப் தொங்கும் கடைப் பக்கமோ போகும்போது அந்த வாசனை மூக்கில் ஏறினால் போதும், ஒரு விடியற்காலை அப்படியே எழுந்து வந்து முன்னால் நின்றுவிடும். வேப்பிலையும் மஞ்சளும் கலந்த ஈரம், மோட்டார் ஓடும் சத்தம், இரண்டு கைகளாலும் நான் இறுக்கிப் பிடித்திருந்த ரப்பர் குழாய், பலகையின் மேல் நீட்டி வைத்திருந்த அப்பாவின் வெள்ளைக் கால். அப்போது நான் ஆறாவது படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் ஊர் மல்லசமுத்திரத்துக்குப் பக்கத்தில் ஒரு காட்டூர், தோட்டத்துக்குள்ளேயே வீடு.

முதலில் அந்தத் தொட்டியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். மேட்டூரில் யாரோ பெரிய அதிகாரிகள் குடியிருந்த பழைய பங்களாவை இடித்தபோது சாமான்களை ஏலம் விட்டார்கள். போனவர்கள் கதவும் சன்னலும் எடுத்து வந்தார்கள். அப்பா மட்டும் மனிதர் படுத்துக் குளிக்கும் இரும்புத் தொட்டி ஒன்றை எடுத்து வந்தார். உள்ளே வெள்ளைப் பூச்சு, கீழே நான்கு கால், தலைமாட்டில் அகல வாய் வைத்த பித்தளைக் குழாய். அதை டிராக்டரில் இருந்து ஆறு பேர் இறக்கினார்கள். அம்மா பார்த்துவிட்டு, "இதென்னுங்க, இதுக்குள்ள ஆரு படுக்கறது?" என்றாள். அப்பா, "மாட்டுக்குத் தண்ணித்தொட்டிங்கறேன். செமெண்டுத் தொட்டி வருசா வருசம் வெடிக்குது. இது என்ற பேரங்காலத்துக்கும் நிக்கும்" என்றார். கிணற்று மோட்டாரில் இருந்து வரும் பைப்பில் அந்தப் பித்தளைக் குழாயைச் சேர்த்து, தண்ணீர் போகும் துளையில் துணி அடைத்து, வேப்பமரத்தடியில் வைத்தோம். இரண்டு மாடும் ஒரு எருமையும் அதில்தான் குடித்தன. இப்படித்தான் நாங்கள் ஒரு குளியல் தொட்டிக்குச் சொந்தக்காரர்கள் ஆனோம்.

எங்கள் ஊர் மாரியம்மன் திருவிழாவுக்குக் கோயில் முன்னால் கம்பம் நடுவார்கள். மூன்று கிளையாகப் பிரிந்த மரத்தைத் தோல் சீவி, மஞ்சள் பூசி, வேப்பிலை கட்டி நட்டுவிட்டால், அதைப் பிடுங்குகிற எட்டாம் நாள் வரைக்கும் விடிகிற நேரத்தில் ஊர்ப் பெண்கள் எல்லோரும் குடம் குடமாக அதற்குத் தண்ணீர் ஊற்றுவார்கள். ஆனால் ஒவ்வொரு நாளும் முதல் தண்ணீர் எங்கள் வீட்டு ஆண் கையால்தான் விழ வேண்டும். அதற்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. முதல் தண்ணீர் ஊற்றுகிறவர் அன்றைக்கு ஊறிய தண்ணீரில், பாத்திரத்தில் பிடித்து வைக்காத தண்ணீரில், உச்சி முதல் உள்ளங்கால் வரை நனைந்து குளித்திருக்க வேண்டும். அப்பா வருடாவருடம் கிணற்றில் இறங்கி முங்கிவிட்டு ஈர வேட்டியோடு போவார். ஒருவேளை அவரால் முடியாமல் போனால், அந்த உரிமை அவருடைய பெரியப்பா மகன் செங்கோடச் சித்தப்பாவுக்குப் போய்விடும். போனது திரும்பி வராது என்பதும் ஊருக்கே தெரியும்.

அந்த வருடம் கம்பம் நடப் பத்து நாள் இருக்கும்போது, குச்சிக்கிழங்கு லோடு ஏற்றிய டிரெய்லரில் இருந்து அப்பா வழுக்கி விழுந்தார். வலது காலில் முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்தது. மாவுக்கட்டுப் போட்டு அனுப்பிய டாக்டர், "ஒரு சொட்டுத் தண்ணி படக்கூடாது. பட்டா எலும்பு எடம் மாறிரும்" என்று இரண்டு தடவை சொன்னார். அம்மா அழுதாள். அப்பா அழவில்லை, கட்டிலில் படுத்தபடி கூரையைப் பார்த்துக்கொண்டே, "கம்பத்துக்கு எப்பிடிப் போறது" என்று மட்டும் கேட்டார்.

என் தாய்மாமன் முத்து அப்போது ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியில் டிரைவர். வடக்கே ஏதேதோ ஊர்களில் போர் போட்டுவிட்டு வருவார். விழாவுக்கு லீவில் வந்தவர் பையில் இருந்து பாம்பு மாதிரிச் சுருட்டிய ஒரு ரப்பர் குழாயை எடுத்துக் கட்டிலில் போட்டார். அதன் ஒரு முனையில் விரிந்த ரப்பர் வாய், மறுமுனையில் நாற்றுக்குத் தண்ணீர் தெளிப்போமே, அந்தப் பூவாளி மாதிரி ஓட்டை ஓட்டையாக ஒரு தலை.

"மாமா, லாட்ஜுல எல்லாம் இதான் வெச்சிருக்கறான். குழாய் வாயில சொருகுனாப் போதும். வேணுங்கற எடத்துல ஊத்தலாம், வேண்டாத எடத்துல உடலாம். வேல முடிஞ்சாப் புடுங்கி வெச்சுக்கலாம்" என்றார் மாமன்.

அம்மா அதைத் தொடவே இல்லை. தூரத்தில் நின்று மோந்து பார்த்தாள். "என்ன கருமமோ, எந்தப் பிராணியோட கொழுப்புல செஞ்சதோ. லாட்ஜுல கண்டவன் குளிச்சதா?"

"அக்கா, புதுசுக்கா. கவரக்கூடப் பிரிக்கலை."

"கவரு புதுசு. உள்ள இருக்கறது?"

அவளுடைய சந்தேகம் தீர அந்தக் குழாயை மஞ்சள் தண்ணீரில் ஒரு இரவு ஊற வைத்து, சீயக்காய் போட்டுத் தேய்த்து, வெயிலில் காய வைத்து, சாமி படத்துக்கு முன்னால் வைத்து எடுத்தாள். பூவாளித் தலைக்கு மூன்று பட்டை விபூதி இழுத்து நடுவில் குங்குமம் வைத்தாள். தொட்டியை வைக்கோலால் தேய்த்து நான்கு முறை கழுவினாள். எட்டு நாளைக்கு மாட்டுக்கு வேறு பாத்திரம்.

ஏற்பாடு இதுதான். கரண்டு வரும் நேரம் பார்த்து மாமன் மோட்டார் போடுவார். அப்பா குழாய்க்கு முதுகு காட்டித் தொட்டிக்குள் உட்கார, இடது கால் தொட்டிக்குள் இருக்கும், கட்டுப்போட்ட வலது கால் குறுக்கே போட்ட பலகை மேல் நீண்டிருக்கும். அம்மா முன்னால் நின்று பூவாளியைத் தலைக்கும் தோளுக்கும் காட்டுவாள். மோட்டார் தண்ணீரின் வேகத்தில் ரப்பர் வாய் பிய்த்துக்கொண்டு வரும் என்பதால் அதைச் சைக்கிள் டியூப் வாரால் இறுக்கிக் கட்டி, போதாததற்கு நான் அப்பாவின் முதுகுக்குப் பின்னால் குந்திக்கொண்டு இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ள வேண்டும். "அம்முணி, நீ உட்டீன்னா அப்பங்காலு போச்சு" என்று மாமன் சொல்லியிருந்தார்.

கம்பம் நட்டதற்கு மறுநாள் விடியற்காலை, முதல் நாள் குளியலுக்கு அப்பா உட்கார்ந்தபோது வேப்பமரத்தடியில் ஒரு உருவம் நின்றது. வாயில் வேப்பங்குச்சி, தோளில் துண்டு. செங்கோடச் சித்தப்பா.

"என்னுங் மச்சான், இந்நேரத்துல?" என்றார் மாமன்.

"சும்மாதாம் மாப்பிள்ளை. அண்ணன் எப்பிடித் தண்ணி வாத்துக்கறாருன்னு பாத்துப்போட்டுப் போலாம்னு."

"பாக்கறதுக்கு இதென்ன கூத்தா?"

"கூத்தா குளியலான்னு பாத்தாத்தான தெரியும்?"

அப்பா, "நிக்கட்டும் உடு" என்றார். சித்தப்பா நகரவில்லை. தலை நனைந்ததா, முதுகு நனைந்ததா, இடது கால் நனைந்ததா என்று கணக்குப் பரிசோதிக்கும் வாத்தியார் மாதிரிப் பார்த்துக்கொண்டே நின்றார். எல்லாம் முடிந்து அப்பாவை மாமன் தூக்கி மொபெட்டில் உட்கார வைத்தபோதுதான் வாயைத் திறந்தார்.

"எல்லாஞ் சரிங்ணா. அந்த ஒரு காலு நனையலீங்களே."

அம்மா பூவாளியைக் கையில் பிடித்தபடியே, "மாவுக்கட்டுங்க தம்பி, நனைக்கக்கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்கறாருங்க" என்றாள்.

"டாக்டர் சொன்னது அண்ணனுக்குங்க. அம்மனுக்கு ஆரு சொல்றது? போதாக்கொறைக்கு எரும குடிச்ச தொட்டி."

அன்றைக்கு முதல் தண்ணீர் ஊற்றுவதற்கு முன் கோயிலில் பேச்சு வந்துவிட்டது. பெரியவர்கள் கூடி, அம்மனிடமே கேட்டுவிடலாம் என்றார்கள். பூசாரி அம்மன் தோளில் இரண்டு பக்கமும் பூ வைத்தார். வலது பூ விழுந்தால் சம்மதம், இடது விழுந்தால் வேண்டாம். எல்லோரும் பூவையே பார்த்துக்கொண்டு நின்றோம். கற்பூரம் மூன்று தடவை அணைந்தது. எந்தப் பூவும் விழவில்லை. கடைசியில் பூசாரி, "ஆத்தா ஒண்ணுஞ் சொல்ல மாட்டேங்கறாளுங்க. நடக்கறது நடக்கட்டும்" என்று தட்டைக் கீழே வைத்துவிட்டார்.

"வேண்டாம்னு சொல்லலையே" என்றார் மாமன்.

"சரின்னுஞ் சொல்லலையே" என்றார் சித்தப்பா.

அப்பா ஊன்றுகோலில் சாய்ந்து நின்று முதல் தண்ணீரை ஊற்றினார். ஆனால் அவர் முகத்தில் எப்போதும் இருக்கும் தெளிவு இல்லை. வீட்டுக்கு வந்தும் அந்த வெள்ளைக் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் வலியில் இருக்கிறார் என்று நான் நினைத்தேன்.

அதற்கப்புறம் ஒவ்வொரு நாளும் சித்தப்பா வந்தார். ஒவ்வொரு நாளும் எங்கள் வீட்டில் ஒரு சந்தேகம் கூடியது. அவர் ஏதோ செய்யத்தான் வருகிறார் என்று மாமன் ராத்திரிச் சாப்பாட்டின்போது சொல்வார். கட்டு நனைந்துவிட்டால் அப்பாவை உடனே ஆஸ்பத்திரிக்குத் தூக்க வேண்டும், அன்றைய முதல் தண்ணீர் சித்தப்பா கைக்குப் போய்விடும் என்று அம்மா விரல் விட்டுச் சொல்வாள். நான் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் முதல் வேலையாகத் தொட்டிக்குப் போய் டியூப் வாரின் முடிச்சைப் பார்ப்பேன். ஏழாம் நாள் சாயங்காலம் நான் போனபோது சித்தப்பா தொட்டிக்குப் பக்கத்தில் குனிந்து நின்றிருந்தார். அவர் கை குழாய் மேல் இருந்தது. என்னைப் பார்த்ததும் நிமிர்ந்து, "நல்லாத்தாங் கட்டியிருக்கறான் உங்க மாமன்" என்று சிரித்துவிட்டுப் போனார். அந்தச் சிரிப்பை நான் வீட்டில் வந்து அப்படியே சொன்னேன். மாமன் போய் முடிச்சை அவிழ்த்து, இன்னும் இரண்டு சுற்றுச் சுற்றி, பல்லால் கடித்து இறுக்கிவிட்டு வந்தார்.

எட்டாம் நாள்தான் பெரிய நாள். அன்று முதல் தண்ணீர் விழுந்து, பொங்கல் வைத்து, சாயங்காலம் பொழுதோடு கம்பத்தைப் பிடுங்குவார்கள். விடியற்காலை வழக்கம்போல அப்பா தொட்டியில் உட்கார்ந்தார். மாமன் மோட்டார் ரூமில் இருந்தார். அம்மா முன்னால். சித்தப்பா அன்றைக்கு மரத்தடியில் இல்லாமல், தொட்டிக்குப் பக்கவாட்டில், குழாய்க்கு நேராக வந்து நின்றார். நான் ரப்பரை இறுக்கிப் பிடித்துக்கொண்டு அவருடைய கைகளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பாதிக் குளியலில் அப்பா திரும்பாமலே, "அம்முணி, அந்த மஞ்சத் துண்டு கொடியில கெடக்கும், எடுத்தா சாமி" என்றார்.

"கைய உட்டா பிச்சுக்குமுங்கப்பா."

"மாமன் கட்டுன கட்டு நிக்கும். நீ போ."

ஓடினேன். கொடியில் துண்டு இல்லை. வீட்டுக்குள் தேடலாமா என்று நிற்கும்போதே அம்மா அலறும் சத்தம் கேட்டது. திரும்பி ஓடி வந்தால், ரப்பர் குழாய் மண்ணில் கிடந்து துள்ளுகிறது, பித்தளைக் குழாயில் இருந்து தொடை மொத்தத்துக்குத் தண்ணீர் கொட்டுகிறது, அம்மா மோட்டாரை நிறுத்தச் சொல்லிக் கத்துகிறாள். பலகை சரிந்து அப்பாவின் வலது கால் முழங்கால் வரைக்கும் தொட்டித் தண்ணீருக்குள் கிடந்தது. அப்பா மட்டும் கத்தவில்லை. கண்ணை மூடி, "தாயே" என்றார்.

தூக்கி எடுத்தபோது கட்டு, ஊறிய மாவு மாதிரிப் பிசுபிசுவென்று கரைந்தது. மாமன் மண்ணில் இருந்து டியூப் வாரை எடுத்தார். அறுபடவில்லை. அவிழ்ந்திருந்தது. அவர் நேராகச் சித்தப்பாவின் துண்டைப் பிடித்தார்.

"நெனச்சத முடிச்சுப்போட்டீங்களே மச்சான்! ஒரு மனுசங்காலு உங்களுக்கு அத்தன எளக்காரமாப் போச்சா?"

"அம்மஞ் சத்தியமா நான் அவுக்கலை மாப்பிள்ளை."

"நீங்க அவுக்கலைன்னா? எருமயா வந்து அவுத்துச்சு?"

நான் அழுதுகொண்டே, "நேத்துப் பொழுதோட இவருதான் கொழாயில கை வெச்சிருந்தாரு, நாம் பாத்தேன்" என்றேன். அந்த வார்த்தைதான் எல்லாவற்றையும் முடித்தது. சித்தப்பா என்னைப் பார்க்கவில்லை. அப்பாவையே பார்த்தார், ரொம்ப நேரம். அப்பா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சித்தப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வரப்பு மேல் ஏறிப் போய்விட்டார்.

ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று அம்மா காலில் விழாத குறையாகக் கேட்டாள். அப்பா, "மொதத் தண்ணி ஊத்திப்போட்டு வாரேன்" என்று கரைந்த கட்டோடு கோயிலுக்குப் போனார். அன்றைக்குக் கம்பத்துக்குத் தண்ணீர் ஊற்றியபோது அவர் முகத்தில் இருந்த நிறைவை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. கம்பம் பிடுங்கி முடிந்து மறுநாள்தான் ஆஸ்பத்திரி. எலும்பு நகர்ந்திருந்தது. திரும்பக் கட்டியும் கோணலாகத்தான் கூடியது. அப்பா அதற்குப் பிறகு சாகிறவரைக்கும் விந்தி விந்தித்தான் நடந்தார்.

இரண்டு வீட்டுக்கும் பேச்சு நின்றது. என் கல்யாணத்துக்குச் சித்தப்பா வீட்டுக்கு அழைப்புப் போகவில்லை. ஊரில் அவரை யாரும் நேரில் ஒன்றும் கேட்கவில்லை, ஆனால் பொது இடத்தில் அவர் உட்கார்ந்தால் பக்கத்தில் இருப்பவர் மெதுவாக நகர்ந்து உட்காருவார். எனக்கு அதில் ஒரு திருப்தி இருந்தது என்பதை இங்கே மறைக்காமல் எழுதுகிறேன். சாமி கும்பிடும்போதுகூட அவருக்குத் தண்டனை கேட்டிருக்கிறேன்.

அம்மா போன பிறகு அப்பா என்னோடு சேலத்துக்கு வந்துவிட்டார். அம்மாபேட்டையில் நாங்கள் இருந்த வாடகை வீட்டுக் குளியலறையில் பழைய பித்தளைக் குழாய்தான். அப்பாவால் குனிந்து மொள்ள முடியாது என்று என் வீட்டுக்காரர் கடையில் இருந்து அதே மாதிரி ரப்பர் வாய் வைத்த பூவாளிக் குழாய் வாங்கி வந்தார். நாற்காலியில் உட்கார வைத்து நான்தான் குளிப்பாட்டுவேன். ஒருநாள் ஊற்றிக்கொண்டிருக்கும்போது ரப்பர் நழுவுகிறதா என்று குழாயைக் கையால் அழுத்தினேன். அப்பா அந்தக் கையையே பார்த்தார்.

"அந்த மஞ்சத் துண்டு கொடியில இல்லைல்ல, அம்முணி?"

எனக்கு முதலில் புரியவில்லை.

"என்ற மடிக்குக் கீழதான் வெச்சிருந்தேன். உன்னய அனுப்பிப்போட்டு, பின்னால கைய உட்டு நாந்தான் அவுத்தேன். காலயும் நாந்தான் எறக்குனேன். ஏழு நாளு ஒரு காலு நனையாம ஆத்தா முன்னால நின்னேன். எட்டாம் நாளும் அப்பிடி நிக்க முடியலை சாமி." ஈரக் கையால் வலது காலைத் தடவிக்கொண்டார். "கால நனைக்கறதுக்குத்தான் தைரியம் இருந்துச்சு. வாயத் தொறக்க இல்லை. நானேன்னு சொன்னா உங்கம்மா நெஞ்சு ஒடஞ்சிருக்கும்னு அன்னைக்கு இருந்தேன். அப்பறம் நாளாவ நாளாவச் சொல்ல முடியாமயே போச்சு."

நான் குழாயை மூடவில்லை. மூடினால் அழுவது கேட்டுவிடும்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமையே காரில் ஊருக்குக் கூட்டிப் போனேன். சித்தப்பாவுக்கும் வயதாகிவிட்டது. களத்தில் கட்டில் போட்டு உட்கார்ந்திருந்தவர், கார்க் கதவைத் திறந்துகொண்டு அப்பா விந்தி இறங்குவதைப் பார்த்ததும் எழுந்து நின்றார்.

"செங்கோடா, அன்னைக்கு அத அவுத்தது..." என்று அப்பா ஆரம்பித்தார்.

"தெரியுமுங்ணா."

"தெரியுமா?"

"நாம் பாத்துக்கிட்டுத்தான நின்னேன். பாக்கறதுக்குத்தான வந்தேன்" என்றார் சித்தப்பா. "உங்க கை பின்னால போனதும் பாத்தேன், காலு எறங்குனதும் பாத்தேன்."

நான் தாங்க முடியாமல், "அப்பறம் ஏனுங் சித்தப்பா சொல்லலை? நாங்க இத்தன பேசுனமே, நான் உங்களக் கைகாட்டுனனே!" என்றேன்.

அவர் என்னைக் கோபமாகப் பார்க்கவில்லை. "என்னன்னு சொல்லச் சொல்றே அம்முணி? நாங் கேட்டது குளியல். அது ஆச்சு, என்ற கண்ணு முன்னாடி முழுசா ஆச்சு. அதுக்கு மேல எனக்கென்ன பேச்சு இருக்குது? போதாததுக்கு, ஏழு நாளு அந்தக் கால நனையலை நனையலைன்னு சொன்னது நாந்தான. கயித்த ஆரு அவுத்தா என்ன, அவுக்க வெச்சது நாந்தான்."

அப்பா கட்டிலில் உட்கார்ந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார். இரண்டு பேரும் வெகுநேரம் மழை, கிழங்கு விலை என்று ஏதேதோ பேசினார்கள். அதைப் பற்றி மறுபடி பேசவே இல்லை. நான் மட்டும் சித்தப்பா காலைத் தொட்டுக் கும்பிட்டேன். "போதும் எந்திரி, வெயிலு ஏறுது" என்றார்.

இப்போது இருவரும் இல்லை. முதல் தண்ணீர் சித்தப்பா மகனுக்குப் போய்விட்டது. எனக்கு அண்ணன் தம்பி கிடையாது. போனது சரியான வீட்டுக்குத்தான் போயிருக்கிறது. அவன் திருப்பூரில் இருந்து விடியற்காலை காரில் வந்து இறங்குகிறான், குளித்துவிட்டுத்தான் வருகிறான் என்று நம்புகிறார்கள், யாரும் கேட்பதில்லை. கோயிலுக்கே குழாய் வந்துவிட்டது. எங்கள் தோட்டத்தை வாங்கியவர்கள் அந்தத் தொட்டியை என்ன செய்தார்கள் என்று தெரியவில்லை, போன வருடம் போனபோது வேப்பமரத்தடியில் நான்கு கால் பதிந்த பள்ளம் மட்டும் இருந்தது.

எங்கள் சொந்த வீட்டில் சுவரிலேயே பதித்த பூவாளி. பிடுங்கவும் வேண்டாம், கட்டவும் வேண்டாம், யாரும் பிடித்துக்கொள்ளவும் வேண்டாம். கதவைச் சாத்திக்கொண்டால் நான் குளித்தேனா இல்லையா என்று கேட்க ஒரு ஆள் கிடையாது. கம்பம் நட்ட நாட்களில் மட்டும், தண்ணீரை மூடும் முன்னால், வெளியே ஒருவர் வேப்பங்குச்சியோடு நின்று பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று வைத்துக்கொண்டு, வலது காலைத் தூக்கி உள்ளங்காலையும் ஒரு தடவை தண்ணீரில் காட்டிவிட்டுத்தான் வருகிறேன்.